இசாவோ தகாஹாட்டாவை எங்கிருந்து தொடங்குவது? புதிதாக வருபவர்களுக்கு ஒரு வழி

ஜப்பானிய அனிமேஷனுக்குள் புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் ஜிப்லி ஸ்டூடியோ வழியாகத்தான் வருகிறார்கள். ஹயாவோ மியாசாகியின் படங்களை வரிசையாகப் பார்த்து முடித்துவிட்டு அடுத்து யார் என்று கேட்டால், "அதே ஸ்டூடியோவில் இன்னொருத்தர் இருக்காரே, அந்த அழவைக்கிற படம் எடுத்தவர்" என்று யாராவது சொல்வார்கள். அந்த இன்னொருத்தர் இசாவோ தகாஹாட்டா. 1935-இல் பிறந்தார், 2018-இல் மறைந்தார். எட்டு முழுநீள அனிமேஷன் படங்களை இயக்கினார். தலா ஓராண்டு ஓடிய மூன்று தொலைக்காட்சித் தொடர்கள், ஓர் ஆவணப்படம், நண்பருக்காகத் தயாரித்துக் கொடுத்த இரண்டு பெரிய படங்கள், கடைசியில் ஓர் ஐரோப்பியப் படத்துக்கு ஆலோசகர் வேலை என்று அறுபது ஆண்டுக்கு நெருக்கமான உழைப்பு. இவ்வளவையும் ஒரே படத்தை வைத்து எடைபோட்டுவிடுகிறோம் என்ற ஆதங்கத்தில்தான் இந்த வழிகாட்டியை எழுதுகிறேன்.

தொடங்குமுன் ஒரு செய்தியைத் தெரிந்துகொள்ளுங்கள். தகாஹாட்டா ஓவியர் இல்லை. டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் படித்துவிட்டு 1959-இல் டோயெய் அனிமேஷன் நிறுவனத்தில் உதவி இயக்குநராகச் சேர்ந்தவர். மாணவராக இருந்தபோது பார்த்த, பால் கிரிமோ இயக்கி ழாக் பிரெவெர் வசனம் எழுதிய பிரெஞ்சு அனிமேஷன் படம் ஒன்றுதான் அவரை இந்தத் துறைக்கு இழுத்தது. அனிமேட்டராக அவர் ஒருநாளும் வேலை பார்த்ததில்லை. பென்சில் பிடிக்காதவர் அனிமேஷன் படத்தை எப்படி இயக்கினார்? எந்தக் கதைக்கு யாருடைய கை பொருந்தும் என்று கண்டுபிடித்து, அந்தக் கையால் அதுவரை முடியாததைச் செய்யவைத்தார். இயக்குநர் நாற்காலியில் இருந்தாலும் தயாரிப்பாளர் நாற்காலியில் இருந்தாலும் அவர் செய்த வேலை இது ஒன்றுதான் என்பது என் கருத்து. அதனால் ஒவ்வொரு படத்திலும் கதையோடு சேர்த்து, "இதை வரைந்தது யார்? இவரை ஏன் தேர்ந்தெடுத்தார்?" என்ற கேள்வியையும் வைத்துக்கொண்டு பாருங்கள்.

கையில் வைத்துக்கொள்ள வேண்டியவை

படங்களை ஆங்கிலப் பெயரில்தான் இங்கே குறிப்பிடுகிறேன். தேடும்போது அப்படித்தான் கிடைக்கும். ஜிப்லி படங்கள் 2020 முதல் நெட்ஃபிளிக்ஸில் வரத் தொடங்கின. பழைய தொடர்களையும் ஜிப்லிக்கு முந்தைய படங்களையும் கொஞ்சம் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

ஜப்பானிய ஒலியில், சப்டைட்டிலோடு பாருங்கள். தகாஹாட்டா விஷயத்தில் இதற்கு ஒரு தொழில்முறைக் காரணம் இருக்கிறது. பெரும்பாலான ஜப்பானிய அனிமேஷனில் முதலில் படத்தை வரைந்துவிட்டு, அந்த வாயசைவுக்குப் பிறகு குரல் கொடுப்பார்கள். தகாஹாட்டா தம் முக்கியமான படங்களில் இதைத் தலைகீழாக்கினார். நடிகர்களை முதலில் பேசவைத்துப் பதிவுசெய்து, அந்த மூச்சுக்கும் தயக்கத்துக்கும் ஏற்ப முகத்தை வரையச் சொன்னார். அப்படி வரைந்த முகத்துக்கு வேறு மொழிக் குரலை ஒட்டினால் பாதி நடிப்பு போய்விடும்.

படம் முடிந்ததும் ஓடும் பெயர்ப் பட்டியலைத் தாண்டிப் போய்விடாதீர்கள். யசுவோ ஓட்சுகா, யோய்ச்சி கொதாபே, யோஷிஃபுமி கொந்தோ, ஒசாமு தனாபே, கசுவோ ஒகா என்று அவருக்காக வரைந்த ஐந்து பேரின் பெயர்களை மட்டும் மனதில் வைத்துக்கொண்டால் போதும்.

முதல் படி: ஒன்லி யெஸ்டர்டே, 1991

பலரும் கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸில் தொடங்கச் சொல்வார்கள். வேண்டாம். அந்தப் படத்தின் துயரம் மற்ற எல்லாவற்றையும் மறைத்துவிடும்; அதை எடுத்தவரின் கைவரிசை கண்ணில் படாது. ஒன்லி யெஸ்டர்டேயில் தொடங்குங்கள்.

கதை எளிது. 1982-இல் டோக்கியோ அலுவலகம் ஒன்றில் வேலை பார்க்கும் 27 வயது தாயெகோ, விடுமுறைக்கு யமகாதா கிராமத்துக்குப் போகிறாள். குசும்பப்பூ பறிக்க உதவுகிறாள். போகிற வழியெல்லாம் 1966-இல் ஐந்தாம் வகுப்புப் படித்த தன் சிறுவயது கூடவே வருகிறது. மூலமான மாங்காவில் (ஜப்பானியச் சித்திரக்கதை) சிறுவயதுச் சம்பவங்கள் மட்டுமே உண்டு. வளர்ந்த தாயெகோவும் அந்தக் கிராமமும் தகாஹாட்டா சேர்த்தவை.

அன்னாசிப்பழக் காட்சியை இரண்டு முறை பாருங்கள். அந்தக் காலத்து ஜப்பானில் புதிய அன்னாசி அபூர்வம். டப்பாவில் அடைத்த வளையங்கள்தான் மக்களுக்குத் தெரியும். வீட்டுக்கு ஒரு முழுப் பழம் வருகிறது. எப்படி நறுக்குவது என்று யாருக்கும் தெரியவில்லை. பிறகொரு நாள் அக்கா விசாரித்து வந்து சொன்ன பிறகு, குடும்பமே சுற்றி உட்கார்ந்து பார்க்க, அம்மா நறுக்குகிறார். ஆளுக்கு ஒரு துண்டு. எல்லோரும் கடித்து, மெல்லுகிறார்கள். கெட்டியாக இருக்கிறது, எதிர்பார்த்த இனிப்பு இல்லை. ஒவ்வொருவராகத் துண்டைத் தட்டில் வைக்கிறார்கள். வாழைப்பழமே தேவலை என்று பேச்சு வருகிறது. ஆசைப்பட்ட தாயெகோ மட்டும் விடாப்பிடியாக மற்றவர்கள் வைத்ததையும் தின்கிறாள். கதை நகர்வதற்கு இந்தக் காட்சியால் ஒரு பயனும் இல்லை. ஆனால் ஒரு நடுத்தரக் குடும்பம் தன் ஏமாற்றத்தை மரியாதையாக விழுங்குவதை இவ்வளவு பொறுமையாகக் காட்டிய அனிமேஷன் வேறு எதையும் நான் பார்த்ததில்லை.

இப்போது பின்னணியைக் கவனியுங்கள். சிறுவயதுக் காட்சிகளில் ஓரங்கள் வெள்ளையாகக் கரைந்திருக்கும், நிறம் மெலிந்திருக்கும். 1982-ஆம் ஆண்டுக் காட்சிகளில் ஒவ்வொரு இலையும் தெளிவாக இருக்கும். தாயெகோ சிரிக்கும்போது கன்னத்தில் கோடு விழும். அழகான முகத்தில் கோடு போடாதே என்பது அனிமேஷனில் எழுதாத விதி, அதை வேண்டுமென்றே மீறியிருக்கிறார். வயல் காட்சிகளில் குசும்பப்பூவைப் பறிப்பது, நசுக்கிப் புளிக்கவைப்பது, சாயமாக்குவது எல்லாம் ஒரு வேளாண் ஆவணப்படம் போலத் துல்லியமாக வரும். இந்தப் படத்தில் தயாரிப்புப் பொறுப்பில் இருந்தவர்களில் மியாசாகியும் ஒருவர். படம் அந்த ஆண்டு ஜப்பானியப் படங்களில் வசூலில் முதலிடம் பிடித்தது. பெரிய சம்பவம் எதுவும் நடக்காத படம் ஒன்று!

இரண்டாம் படி: தொலைக்காட்சிக்கு வாருங்கள்

1974-இல் ஒளிபரப்பான ஹெய்டி, கர்ள் ஆஃப் தி ஆல்ப்ஸ் தொடரில் மொத்தம் 52 அத்தியாயங்கள். முழுவதையும் பார்க்க நேரமில்லை என்றால் முதல் இரண்டையாவது பாருங்கள்.

ஹெய்டி அனாதைச் சிறுமி. சித்தி அவளைத் தாத்தாவிடம் விட மலைக்குக் கூட்டிப்போகிறாள். துணிமூட்டை சுமக்க வேண்டாம் என்று இருக்கிற துணி எல்லாவற்றையும் குழந்தை மேலேயே அடுக்கடுக்காகப் போட்டிருக்கிறார்கள். வழியில் ஆடு மேய்க்கும் பீட்டரைப் பார்த்ததும் ஹெய்டி ஒவ்வொன்றாகக் கழற்றி எறிந்துவிட்டு, உள்ளாடையோடு மலையில் துள்ளி ஓடுகிறாள். இந்த ஓட்டத்தை நன்றாக நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஐந்தாம் படியில் தேவைப்படும். இரண்டாம் அத்தியாயத்தில் தாத்தா நெருப்பில் பாலாடைக்கட்டியை வாட்டி ரொட்டியில் வைத்துக் கொடுப்பார். ஜப்பானில் இன்றைக்கும் அந்தக் காட்சியைச் சொல்லி ஏங்குகிறவர்கள் உண்டு.

வாராவாரம் ஓர் அத்தியாயம் என்ற ஓட்டத்தில் இந்தத் தரம் எப்படி வந்தது? இங்கேதான் தகாஹாட்டாவின் ஏற்பாட்டைப் பார்க்க வேண்டும். கதாபாத்திரங்களை வடிவமைத்தவர் கொதாபே. குழுவினர் வேலையைத் தொடங்குமுன் சுவிட்சர்லாந்துக்கே போய்ப் பார்த்து வந்தார்கள். அன்றைய ஜப்பானியத் தொலைக்காட்சி அனிமேஷனில் இது கேள்விப்படாத செலவு. பிறகு, ஒவ்வொரு ஷாட்டிலும் ஆள் எங்கே நிற்கிறார், பின்னால் என்ன தெரிகிறது, கேமரா எந்த உயரத்தில் இருக்கிறது என்பதை முடிவுசெய்யும் லேஅவுட் படங்கள் அனைத்தையும் ஒரே ஆள் வரைந்தார். அந்த ஆள் மியாசாகி. எத்தனையோ அனிமேட்டர்கள் கைவைத்தாலும் மலையும் குடிசையும் 52 வாரமும் ஒரே இடமாக நின்றது அதனால்தான். ஸ்டோரிபோர்டு வரைந்தவர்களில் யோஷியுகி தொமினோவும் ஒருவர், பின்னாளில் குண்டம் என்ற ரோபோத் தொடரை உருவாக்கியவர்.

அடுத்து 1976-இல் 3000 லீக்ஸ் இன் சர்ச் ஆஃப் மதர். இத்தாலிய எழுத்தாளர் தெ அமிசிஸின் நூலுக்குள் இருக்கும் ஒரு சிறுகதையை 52 அத்தியாயமாக விரித்த தொடர். வேலை தேடி அர்ஜென்டினா போன அம்மாவைத் தேடி ஜெனோவா நகரத்துச் சிறுவன் மார்க்கோ கடல் கடக்கிறான். ஹெய்டியைவிட இது கடினமான தொடர். வறுமை, புலம்பெயர்வு, கூலி என்று குழந்தைகள் நேரத்தில் யாரும் பேசாததைப் பேசியது. மார்க்கோ நல்ல பையன்தான், ஆனால் முன்கோபி. அவனை எல்லோருக்கும் பிடிக்கும்படி மழுப்பவில்லை. எனக்கு மூன்று தொடர்களில் இதுவே உயர்ந்தது.

மூன்றாவது, 1979-இன் ஆன் ஆஃப் கிரீன் கேபிள்ஸ். 50 அத்தியாயங்கள். இதில் 15-ஆம் அத்தியாயத்தோடு மியாசாகி விலகித் தம் முதல் திரைப்படத்தை இயக்கப் போய்விட்டார். கதாபாத்திர வடிவமைப்பு கொந்தோவுடையது. ஆனின் மனம் தமக்குப் புரிபடவில்லை, அதனால் நாவலை விட்டு விலகாமல் எடுத்தேன் என்று தகாஹாட்டா சொல்லியிருக்கிறார். பார்த்தால் தெரியும்: ஆன் பேசிக்கொண்டே இருப்பாள், கேமரா அதைக் கேட்டுக்கொண்டிருக்கும், அவளை வளர்க்கும் மரில்லாவின் முகத்தில் நிற்கும்.

மூன்றாம் படி: தயாரிப்பாளர் தகாஹாட்டா

இப்போது நாசிகா ஆஃப் தி வேலி ஆஃப் தி விண்டைப் பாருங்கள். ஏற்கெனவே பார்த்திருந்தால் மறுபடி பாருங்கள். 1984-இல் வந்த இந்தப் படத்தின் இயக்குநர் மியாசாகி, தயாரிப்பாளர் தகாஹாட்டா.

அவர் தயாரிப்பாளர் ஆன கதையை, பின்னாளில் ஜிப்லியின் தயாரிப்பாளரான தோஷியோ சுசூகி பலமுறை சொல்லியிருக்கிறார். தகாஹாட்டாதான் தயாரிக்க வேண்டும் என்று மியாசாகி நிபந்தனை வைத்தார். தகாஹாட்டா உடனே ஒத்துக்கொள்ளவில்லை. தயாரிப்பாளர் என்றால் யார், அவர் என்ன செய்ய வேண்டும் என்று ஒரு நோட்டுப் புத்தகம் நிறைய ஆராய்ந்து எழுதினார். கடைசியில் எழுதியிருந்த முடிவு, தாம் அந்த வேலைக்கு ஏற்றவர் இல்லை என்பது. இதைக் கேட்ட மியாசாகி குடித்துவிட்டு அழுதார். தம் இளமையில் பதினைந்து ஆண்டுகளை அவருக்குக் கொடுத்தேன், ஒன்றும் திரும்ப வரவில்லை என்றார். சுசூகி நேரே போய்த் தகாஹாட்டாவிடம் சத்தம் போட்டார். தகாஹாட்டா சம்மதித்தார்.

சம்மதித்த பிறகு அரைகுறையாகச் செய்யவில்லை. படத்தை எங்கே எடுப்பது என்ற கேள்விக்கு, அமெரிக்கக் கம்பெனிகளுக்கு வேலை செய்துகொண்டிருந்த டாப்கிராஃப்ட் ஸ்டூடியோவைப் பிடித்தார்கள். இசைக்கு யார் என்ற கேள்வி வந்தது. படத்துக்கு முன்னதாக வெளிவந்த இசைத்தட்டைச் செய்தவர், அப்போது அவ்வளவாக அறியப்படாத ஜோ ஹிசாய்ஷி. பெயர் பெற்ற வேறு ஒருவரைப் போடலாம் என்ற பேச்சு இருந்தபோது, இவரே போதும் என்று நின்றவர் தகாஹாட்டா. மியாசாகியின் படங்களை ஹிசாய்ஷியின் இசை இல்லாமல் நம்மால் நினைத்துப் பார்க்க முடிகிறதா? அந்தக் கூட்டணி ஒரு தயாரிப்பாளரின் காதில் உருவானது. படம் வென்ற பிறகு ஒரு பேட்டியில், தயாரிப்பாளராக எனக்கு முழு மகிழ்ச்சி, மியாசாகியின் நண்பனாகப் பார்த்தால் 30 மதிப்பெண்தான் தருவேன் என்றார். இதைக் கர்வம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். நண்பனால் இதைவிட நன்றாக முடியும் என்று தெரிந்தவர் போடும் மதிப்பெண் அது.

நாசிகாவில் வந்த பணத்தை மியாசாகி எடுத்து, தகாஹாட்டா இயக்க ஓர் ஆவணப்படத்தில் போட்டார். ஃபுகுவோகா மாகாணத்தில் யனகாவா என்ற ஊரின் வாய்க்கால்களைப் பற்றியது. சாக்கடையாகிப் போன வாய்க்கால்களை மூடிவிட நகராட்சி முடிவெடுத்த நேரத்தில், அங்கே வேலை பார்த்த ஓர் அலுவலர் அதைத் தடுத்து, ஊர் மக்களையே இறக்கித் தூர் வாரவைத்த வரலாறு. ஓடும் நேரம் இரண்டே முக்கால் மணிக்கு நெருக்கம். நீர் எங்கிருந்து வருகிறது, மதகு எப்படித் திறக்கிறது, வயலுக்கு எப்படிப் பாய்கிறது என்று அங்குலம் அங்குலமாக விளக்கும். 1987-இல்தான் முடிந்தது. அதற்குள் பணம் கரைந்து, அடுத்த படம் எடுத்தே தீர வேண்டிய நிலை. 1985-இல் ஜிப்லி ஸ்டூடியோ அமைந்ததிலும், 1986-இல் தகாஹாட்டா தயாரிப்பில் காசில் இன் தி ஸ்கை வந்ததிலும் இந்த வாய்க்காலுக்கு ஒரு பங்கு உண்டு. ஏரி, கண்மாய், வாய்க்கால் என்று வளர்ந்த நம் ஊர் வாசகர்கள் இந்த ஆவணப்படம் கிடைத்தால் விடவே கூடாது.

தயாரிப்பாளர் வேலை அதோடு முடியவில்லை. மியாசாகியின் கிகிஸ் டெலிவரி சர்வீஸ் படத்தில் இசையை எங்கே, எப்படி வைப்பது என்பதைக் கவனித்தவரும் அவரே.

நான்காம் படி: கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ், 1988

இப்போது தயாராகிவிட்டீர்கள். குழந்தைகளோடு பார்க்காதீர்கள். வேறு வேலை இல்லாத ஒரு மாலையைத் தேர்ந்தெடுங்கள்.

1945 ஜூன் 29 அன்று ஒகாயாமா நகரம் குண்டுவீச்சில் எரிந்தபோது தகாஹாட்டாவுக்கு ஒன்பது வயது. இரவு உடையில், வெறுங்காலோடு, அக்காவுடன் தீக்குள் ஓடித் தப்பியவர். அகியுகி நோசாகா தம் தங்கையை இழந்த துயரத்திலிருந்து 1967-இல் எழுதிய குறுநாவலைப் படமாக எடுக்க அவரைவிடத் தகுந்தவர் யார்? ஆனாலும் பார்ப்பவரை அழவைப்பது அவர் நோக்கமாக இருக்கவில்லை. படத்தின் முதல் நிமிடத்திலேயே அண்ணன் செய்தா ரயில் நிலையத்தில் இறந்துபோகிறான்; முடிவு என்ன என்ற பதைப்பை முதலிலேயே எடுத்துவிடுகிறார். அதன் பிறகு சிவந்த ஒளியில் நிற்கும் செய்தா, தான் வாழ்ந்ததைத் தானே பார்த்துக்கொண்டிருக்கிறான். நாமும் அவனோடு நின்று, "எந்த இடத்தில் தவறியது?" என்று தேட வேண்டும்.

தேடிப் பாருங்கள். அம்மா வங்கியில் விட்டுப்போன 7,000 யென் இருக்கிறது. உறவுக்காரப் பெண்மணி கடுமையாகப் பேசுகிறார், ஆனால் கூரை இருக்கிறது. செய்தா கோபித்துக்கொண்டு தங்கையோடு குளக்கரைக் குகைக்குப் போகிறான். இருவர் மட்டும், யார் தொல்லையும் இல்லாமல். அந்தச் சுகமான தனிமைதான் அவர்களைக் கொல்கிறது. இது வெறும் போர் எதிர்ப்புப் படம் என்று சொல்லப்படுவதைத் தகாஹாட்டா ஏற்கவில்லை. சமூகத்தின் கெடுபிடியிலிருந்து ஒதுங்கிக்கொள்ள நினைக்கும் இன்றைய இளைஞனின் மனம் செய்தாவிடம் இருக்கிறது என்றார். அந்த எண்ணத்தோடு பார்க்கும்போது, அந்தப் பெண்மணியை வில்லியாக்கி ஒதுக்கிவிட முடியாது. படம் இன்னும் பாரமாகும்.

கண்ணுக்குப் பழக்கம் கொடுக்க ஒன்று: உருவங்களின் வெளிக்கோடு வழக்கமான கறுப்பில் இல்லாமல் பழுப்பில் இருக்கும். முகம் மென்மையாகத் தெரிவதற்கு அதுவே காரணம். உருவங்களை வடிவமைத்தவர் கொந்தோ. மை நெய்பர் டோட்டோரோவோடு ஒரே டிக்கெட்டில் 1988 ஏப்ரல் 16 அன்று வெளியானபோது, சில காட்சிகளுக்கு வண்ணம் பூசி முடிந்திருக்கவில்லை, அப்படியே திரையிட்டார்கள். காலக்கெடுவைத் தவறவிடுவது அவருக்கு வாழ்நாள் வழக்கம். கூட வேலை செய்தவர்களை அவர் கசக்கிப் பிழிந்தார் என்று சுசூகியே பின்னாளில் வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். அவரைக் கொண்டாடும்போது இதையும் சேர்த்தே சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன். கொந்தோ 1998-இல் 47 வயதில் இறந்தார்.

ஐந்தாம் படி: கோடுகளைத் தேடி

இங்கே மூன்று படங்கள், இதே வரிசையில்.

போம் போகோ, 1994. டோக்கியோவை ஒட்டிய தாமா குன்றுகளை வெட்டிப் புறநகர் கட்டும்போது, அங்கே வாழ்ந்த தனுகி என்ற விலங்குகள் உருமாறும் வித்தையால் எதிர்க்கின்றன. மனிதர் பார்க்கும்போது அவை நிஜ விலங்கு. தங்களுக்குள் இருக்கும்போது இரண்டு காலில் நடந்து துணி உடுத்தும். குதூகலத்திலோ தோல்வியிலோ இன்னும் எளிய கார்ட்டூன் உருவமாகும். ஒரே காட்சிக்குள் இந்த மாற்றங்களைப் பிடித்துப் பழகுங்கள். ஜப்பானிய நாட்டுப்புறக் கதைகளில் ஆண் தனுகிகளின் விதைப்பைக்கு மந்திர சக்தி உண்டு. படத்திலும் அது வெட்கமில்லாமல் வரும். பிள்ளைகளோடு உட்காருமுன் தெரிந்துகொள்ளுங்கள். 1995-இல் பிரான்சின் ஆன்சி விழாவில் சிறந்த முழுநீளப் படத்துக்கான பரிசு பெற்றது.

மை நெய்பர்ஸ் தி யமாதாஸ், 1999. நான்கு கட்டச் சித்திரக்கதையை அப்படியே நீர்வண்ணத்தில் உயிர்ப்பித்த படம். பாதித் திரை காலியாக இருக்கும். கையால் தீட்டியது போலத் தெரியும் இதுதான் ஜிப்லியின் முழுவதும் கணினியில் உருவான முதல் படம். நீர்வண்ணம் கலைந்து நிற்பது போலக் காட்ட, வழக்கத்தைவிடப் பன்மடங்கு ஓவியங்கள் தேவைப்பட்டன. வசூலில் தோற்றது. அடுத்த படத்துக்கு 14 ஆண்டுகள் ஆயின.

அந்த அடுத்த படம் தி டேல் ஆஃப் தி பிரின்செஸ் காகுயா, 2013. மூங்கிலுக்குள் கிடைத்த குழந்தை, வளர்ந்து இளவரசியாகி, நிலவுக்குத் திரும்பும் பழைய ஜப்பானியக் கதை. எட்டு ஆண்டு உழைப்பு, ஏறக்குறைய 500 கோடி யென் செலவு. உருவங்கள் தனாபேயுடையவை, பின்னணி ஓவியங்கள் ஒகாவுடையவை. இருவரும் ஒரே கையால் ஒரே தாளில் வரைந்தது போல இணைய வேண்டும் என்பதுதான் தகாஹாட்டா கேட்டது. பழங்காலச் சுருள் ஓவியங்களைப் பற்றி அவர் 1999-இல் ஒரு நூலே எழுதியிருக்கிறார். காலி இடத்தைப் பார்ப்பவரின் மனம் நிரப்பிக்கொள்ளும் என்ற நம்பிக்கை அங்கிருந்து வந்தது. மூங்கில் வெட்டும் கிழவருக்குக் குரல் கொடுத்த தாக்கேயோ சீய் 2012-இலேயே காலமாகிவிட்டார். குரலை முதலில் பதிவுசெய்யும் வழக்கத்தால் அவர் நடிப்பு படத்தில் வாழ்கிறது. நாசிகாவுக்காகத் தேர்ந்தெடுத்த ஹிசாய்ஷியை, தாம் இயக்கிய படத்துக்கு இசையமைக்க அழைத்தது இங்கேதான், முதலும் கடைசியுமாக.

இப்போது ஹெய்டியின் ஓட்டத்தை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். பெயர்சூட்டு விழா நடக்கிறது. திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் காகுயா, குடித்த விருந்தினர்கள் தன்னை இழிவாகப் பேசுவதைக் கேட்கிறாள். கையில் இருந்த சிப்பி நொறுங்குகிறது. எழுந்து ஓடுகிறாள். கதவுகளை உடைத்துக்கொண்டு, அடுக்கடுக்கான பட்டாடைகளை ஒவ்வொன்றாக உதறிக்கொண்டு, தான் வளர்ந்த மலையை நோக்கி ஓடுகிறாள். ஓட ஓட அவள் உருவம் கரிக்கோலால் கிறுக்கிய வெறும் கோடுகளாகச் சிதறுகிறது. அந்தக் காட்சியை வரைந்தவர் ஷின்ஜி ஹாஷிமோதோ. 1974-இல் ஒரு சிறுமி மகிழ்ச்சியில் துணிகளைக் கழற்றி எறிந்து மலைக்கு ஓடினாள். 39 ஆண்டு கழித்து இன்னொரு பெண் ஆத்திரத்தில் அதையே செய்கிறாள். இரண்டையும் ஒரே நாளில் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள்.

ஆறாம் படி: தொடக்கத்துக்குத் திரும்புங்கள்

முதல் படத்தைக் கடைசியில் வைத்ததற்குக் காரணம் உண்டு. ஹோரஸ், பிரின்ஸ் ஆஃப் தி சன் 1968-இல் வந்தது. இதை மட்டும் தனியாகப் பார்த்தால் பழைய சாகசப் படமாகத் தெரியும். மற்றவற்றைப் பார்த்த கண்ணுக்கு எல்லாமே இங்கே விதையாகத் தெரியும்.

டோயெயில் ஓட்சுகாவை அனிமேஷன் தலைமைக்கு அழைத்தபோது, தகாஹாட்டா இயக்கினால்தான் வருவேன் என்றார். தொழிற்சங்கத்தில் தகாஹாட்டா துணைத் தலைவர், மியாசாகி செயலாளர். அந்தத் தோழமையிலேயே படத்தையும் எடுத்தார்கள்; பதவி பார்க்காமல் யார் வேண்டுமானாலும் யோசனை சொல்லலாம், வரைந்து காட்டலாம். இளைஞர் மியாசாகி அப்படித்தான் உள்ளே வந்தார். வட ஜப்பானின் பழங்குடிகளான ஐனு மக்களின் மரபிலிருந்து வந்த கதையை நிறுவனம் ஏற்காததால் களம் வட ஐரோப்பாவுக்கு மாறியது. நல்லதுக்கும் கெட்டதுக்கும் நடுவில் தவிக்கும் ஹில்டாவைக் கவனியுங்கள். குழந்தைகளுக்கான படத்தில் இப்படி ஒரு பெண் அதுவரை இருந்ததில்லை.

வேலை மூன்று ஆண்டுக்கு இழுத்தது. பணமும் பொறுமையும் தீர்ந்துபோன நிறுவனம் அழுத்தியது. கிராமத்தை ஓநாய்கள் தாக்கும் இடத்திலும், எலிகள் படையெடுக்கும் இடத்திலும் படம் திடீரென்று அசையாமல் நிற்கும். ஓவியங்கள் மேல் கேமரா மட்டும் நகரும். பாணி என்று நினைத்துவிட வேண்டாம். வரைந்து முடிக்க விடவில்லை. குறுகிய காலமே திரையில் ஓடித் தோற்றது. டோயெயில் அதன்பின் அவருக்குப் படம் கிடைக்கவில்லை. 1971-இல் மியாசாகியையும் கொதாபேயையும் கூட்டிக்கொண்டு வெளியேறினார்.

வீட்டில் சிறு பிள்ளைகள் இருந்தால் அவர்களுக்கு 1972-இன் பாண்டா! கோ, பாண்டா! சரியான படம், அரை மணி நேரம்தான். ஸ்வீடன் நாட்டுக் குழந்தைகள் நூலான பிப்பி கதையை எடுக்க அனுமதி கிடைக்காத பிறகு, அந்த யோசனைகளிலிருந்து பிறந்தது. இசை பிடிக்கும் என்றால் கோஷ் தி செல்லிஸ்ட், 1982. ஒரு சிறிய ஸ்டூடியோ வேறு வேலைகளுக்கு இடையே பல ஆண்டு செதுக்கிய 63 நிமிடப் படம். அனிமேட்டர் தோஷித்சுகு சாய்தா இதற்காக செல்லோ வாசிக்கவே கற்றுக்கொண்டார். பீத்தோவனின் ஆறாம் சிம்பொனியைக் கேட்டுவிட்டுப் பார்த்தால் இன்னும் நல்லது. அச்சு அசலான ஒசாகா பேச்சும் சண்டையும் வேண்டுமானால் சியே தி பிராட், 1981.

எல்லாம் முடிந்ததும் தி ரெட் டர்ட்டிலைப் போடுங்கள், 2016. இயக்கியவர் நெதர்லாந்துக்காரர் மைக்கேல் டுடோக் டெ விட். அவருடைய முதல் முழுநீளப் படம். கலைத் தயாரிப்பாளர் என்று பெயர்ப் பட்டியலில் தகாஹாட்டாவின் பெயர் இருக்கும். திரைக்கதையில் முதலில் கொஞ்சம் வசனம் இருந்தது. இந்தப் படத்துக்குப் பேச்சே வேண்டாம் என்று ஜிப்லி தரப்பிலிருந்து சொன்னார்கள், இயக்குநர் எடுத்துவிட்டார். ஏறக்குறைய 80 நிமிடம். இதற்கு சப்டைட்டில் தேட வேண்டியதில்லை.